வெள்ளை அணுக்கள் குறைவு: டிஸ்சார்ஜ் சம்மரியில் எழுதப்படும் ஒரு குறியீடு எதையெல்லாம் தீர்மானிக்கிறது?

மும்பை: மழைக்காலம் தொடங்கிவிட்டால் தாராவி, மாட்டுங்கா, செம்பூர் பகுதிகளில் காய்ச்சலோடு மருத்துவரிடம் செல்பவர்களின் கையில் முதலில் வந்து சேர்வது ரத்தப் பரிசோதனைச் சீட்டுதான். அந்த அறிக்கையில் பெரும்பாலானோர் தேடுவது பிளேட்லெட் எண்ணிக்கையை மட்டுமே. அதற்குச் சில வரிகள் மேலே இருக்கும் வெள்ளை அணுக்களின் எண்ணிக்கையைப் பலரும் கவனிப்பதில்லை. ஆனால், அது குறைந்திருந்தால் மருத்துவர் அதைக் கோப்பில் எந்தச் சொல்லால் எழுதுகிறார், அந்தச் சொல்லுக்கு எந்தக் குறியீடு இடப்படுகிறது என்பதைப் பொறுத்தே காப்பீட்டுத் தொகை கைக்கு வருவதும், நோய்ப் புள்ளிவிவரம் சரியாவதும், சில நேரங்களில் இறப்புச் சான்றிதழில் என்ன காரணம் பதிவாகிறது என்பதும் அமைகின்றன.

பெரியவர்களுக்கு ஒரு மைக்ரோலிட்டர் ரத்தத்தில் 4,000 முதல் 11,000 வரை வெள்ளை அணுக்கள் இருப்பது இயல்பு என்று பெரும்பாலான ஆய்வகங்கள் குறிப்பிடுகின்றன. அதற்குக் கீழே இறங்கினால் 'லூக்கோபீனியா' என்பார்கள். இது ஒட்டுமொத்தக் கணக்கு. வெள்ளை அணுக்களில் பல வகை உண்டு. பாக்டீரியாவை முதலில் எதிர்கொள்ளும் நியூட்ரோஃபில்கள் குறைந்தால் 'நியூட்ரோபீனியா'. வைரஸ் எதிர்ப்பில் முக்கியப் பங்கு வகிக்கும் லிம்ஃபோசைட்டுகள் குறைந்தால் 'லிம்ஃபோபீனியா'. மூன்றும் ஒன்றல்ல, குறியீட்டிலும் ஒன்றாக எழுதக் கூடாது.

நியூட்ரோஃபில்களின் உண்மையான எண்ணிக்கையை அறிய எளிய கணக்கு ஒன்று உள்ளது. மொத்த வெள்ளை அணுக்கள் 2,800 என்றும், அதில் நியூட்ரோஃபில் 40 சதவீதம் என்றும் அறிக்கை சொன்னால், எண்ணிக்கை 1,120. இது 1,500-க்குக் கீழ் இருப்பதால் நியூட்ரோபீனியா. 500-க்குக் கீழ் போனால் நிலைமை கடுமையானது. உடலில் நாள்தோறும் குடியிருக்கும் சாதாரணக் கிருமிகளே உயிருக்கு ஆபத்தாகலாம். மொத்த எண்ணிக்கை 3,800 என்று சற்றே குறைந்திருக்கும் ஒருவருக்கு நியூட்ரோஃபில்கள் போதுமான அளவு இருக்கலாம். எனவே, மொத்த எண்ணை மட்டும் பார்த்துப் பதறுவதும் தவறு, அலட்சியம் செய்வதும் தவறு.

ஐசிடி என்னும் உலகப் பொது அகராதி

நோய்களுக்கு உலகெங்கும் ஒரே மாதிரியான குறியீடு வழங்கும் முறைக்கு ஐசிடி, அதாவது பன்னாட்டு நோய் வகைப்பாடு என்று பெயர். பிரெஞ்சுப் புள்ளியியலாளர் ஜாக் பெர்டிலோன் 1893-இல் சிகாகோவில் முன்வைத்த இறப்புக் காரணப் பட்டியலே இதன் மூலம். 1948-இல் உலக சுகாதார நிறுவனம் இதைத் தன் பொறுப்பில் எடுத்துக்கொண்டு, ஆறாவது பதிப்பை வெளியிட்டது. இந்தியாவில் மருத்துவமனைகளும் காப்பீட்டு நிறுவனங்களும் இன்று பரவலாகப் பயன்படுத்துவது 1990-இல் ஒப்புதல் பெற்ற பத்தாவது பதிப்பான ஐசிடி-10.

இதில் 'டி70' என்னும் குறியீடு ஏக்ரானுலோசைட்டோசிஸ் என்ற கடுமையான வெள்ளை அணுக் குறைபாட்டுக்கு உரியது. நியூட்ரோபீனியாவும் இதற்குள்தான் அடங்கும். லிம்ஃபோபீனியாவுக்கு இடம் வேறு: 'டி72.8'. வெள்ளை அணுக்களின் வகை விகிதம் மட்டும் இயல்புக்கு மாறாக உள்ளது, வேறு எதுவும் தெளிவாகவில்லை என்றால் 'ஆர்72' என்ற குறியீடு உண்டு. 'ஆர்' என்ற எழுத்தில் தொடங்குபவை எல்லாம் அறிகுறிகளும் பரிசோதனை முடிவுகளுமே, நோய்கள் அல்ல. காய்ச்சலுக்கு உரிய 'ஆர்50'-ம் இந்த வரிசையில் வருவதே.

இந்த வேறுபாட்டில்தான் பல சிக்கல்கள் தொடங்குகின்றன. வெள்ளை அணுக்கள் குறைவது பெரும்பாலும் ஒரு விளைவு. அதன் பின்னால் டெங்கு இருக்கலாம், டைஃபாய்டு இருக்கலாம், எச்.ஐ.வி. இருக்கலாம், வைட்டமின் பி12 குறைபாடு இருக்கலாம், லூபஸ் போன்ற தன்னெதிர்ப்பு நோய் இருக்கலாம், எலும்பு மஜ்ஜையே செயலிழந்திருக்கலாம், உட்கொண்ட மாத்திரையே காரணமாகவும் இருக்கலாம். காரணத்தை எழுதாமல் விளைவை மட்டும் எழுதிய கோப்பு, முகவரி இல்லாத கடிதத்தைப் போன்றது.

மழைக்காலக் காய்ச்சல்: ஒரே நோயாளி, இரு கோப்புகள்

ஒரு கற்பனை எடுத்துக்காட்டைப் பார்க்கலாம். தாராவியில் தோல் பை தைக்கும் பட்டறையில் வேலை செய்யும் 38 வயதுக்காரர் ஒருவருக்கு ஜூலை மாதத்தில் நான்கு நாள்களாகக் காய்ச்சல், உடல்வலி, வாந்தி. வெள்ளை அணுக்கள் 2,600, பிளேட்லெட் 1.1 லட்சம். செம்பூரில் ஒரு தனியார் மருத்துவமனையில் மூன்று நாள்கள் தங்கிச் சிகிச்சை பெறுகிறார். வீடு திரும்பும்போது தரப்படும் டிஸ்சார்ஜ் சம்மரியில் 'காய்ச்சல் – பரிசோதனையில் உள்ளது. லூக்கோபீனியா' என்று மட்டும் எழுதப்பட்டிருக்கிறது.

இதே நோயாளிக்கு 'டெங்கு காய்ச்சல், என்எஸ்1 எலைசா பாசிட்டிவ், எச்சரிக்கை அறிகுறிகளுடன்' என்று எழுதப்பட்டிருந்தால்? நோயாளியும் அவர் பெற்ற சிகிச்சையும் மாறவில்லை. ஆனால், காப்பீட்டு நிறுவனத்தின் மேசையில் இவை இரு வேறு வழக்குகள்.

மருத்துவக் காப்பீட்டில் கிளெய்ம் படிவத்தின் இரண்டாம் பகுதியை மருத்துவமனைதான் நிரப்ப வேண்டும். அதில் முதன்மை நோய், கூடுதல் நோய், இணை நோய்கள் ஒவ்வொன்றுக்கும் ஐசிடி-10 குறியீட்டை எழுதத் தனிக் கட்டங்கள் உள்ளன. மறுபுறம், காப்பீட்டு ஒழுங்குமுறை ஆணையமான ஐஆர்டிஏஐ வகுத்துள்ள பொதுவான விலக்குகளில் நான்காவதாக இருப்பது 'பரிசோதனையும் மதிப்பீடும்' என்னும் விலக்கு. நோயைக் கண்டறிவதற்காக மட்டுமே மருத்துவமனையில் சேர்ந்திருந்தால் அந்தச் செலவு கிடைக்காது என்பதே அதன் பொருள். முதல் எடுத்துக்காட்டில் உள்ள 'பரிசோதனையில் உள்ளது' என்ற சொற்கள் இந்த விலக்கை நேராகச் சென்று தொடுகின்றன. நரம்பு வழியாகத் திரவம் ஏற்றப்பட்டது, வாந்தி நிற்கவில்லை, ரத்த அழுத்தம் கண்காணிக்கப்பட்டது என்ற விவரங்கள் கோப்பில் இருந்தால் வாதாட இடம் உண்டு. அவையும் இல்லாவிட்டால் கடினம்.

இன்னொரு சிக்கலும் உண்டு. முதன்மை நோயின் கட்டத்தில் டெங்குவுக்குப் பதிலாக 'டி70' மட்டும் எழுதப்பட்டால், 'இந்த ரத்தக் குறைபாடு எத்தனை ஆண்டுகளாக உள்ளது, பாலிசி எடுக்கும் முன்பே இருந்ததா' என்ற கேள்வி எழலாம். முன்பே இருந்த நோய்களுக்குப் பாலிசிகளில் அதிகபட்சம் 36 மாதங்கள் வரை காத்திருப்புக் காலம் விதிக்க ஐஆர்டிஏஐ 2024 முதல் அனுமதிக்கிறது. கொசு கடித்து வந்த ஒரு வாரக் காய்ச்சல், நாள்பட்ட ரத்த நோய் போலத் தோற்றமளிக்க ஒரே ஒரு குறியீடு போதும்.

வெள்ளை அணுக் குறைவு டெங்குவைக் கண்டறிய உதவும் தடயம் என்பதையும் இங்கே சொல்ல வேண்டும். உலக சுகாதார நிறுவனம் 2009-இல் வெளியிட்ட வழிகாட்டுதலில், டெங்கு இருக்கக்கூடும் என்று கருத உதவும் அம்சங்களில் ஒன்றாக லூக்கோபீனியா இடம்பெற்றுள்ளது. பிளேட்லெட் சரியத் தொடங்குவதற்கு முன்பே வெள்ளை அணுக்கள் குறைவது வழக்கம். காய்ச்சலின் முதல் ஐந்து நாள்களில் என்எஸ்1 பரிசோதனையும், அதன் பிறகு ஐஜிஎம் பரிசோதனையும் பயன்படும். சில நிமிடங்களில் முடிவு சொல்லும் அட்டைப் பரிசோதனையைவிட எலைசா முறையையே தேசியத் திட்டம் உறுதிப்படுத்தும் சோதனையாக ஏற்கிறது. ஐசிடி-10-இல் டெங்குவுக்கு முதலில் ஏ90, ஏ91 என இரு குறியீடுகள் இருந்தன. பின்னர் வந்த திருத்தத்தில் எச்சரிக்கை அறிகுறி இல்லாதது, உள்ளது, கடுமையானது என ஏ97-இன் கீழ் அவை பிரிக்கப்பட்டன.

மும்பைக்கு இந்த வேறுபாடு ஏட்டுச் செய்தி அல்ல. 2005 ஜூலை 26 அன்று சாந்தாகுரூஸ் வானிலை மையத்தில் ஒரே நாளில் 944 மி.மீ. மழை பதிவானது. வெள்ளம் வடிந்த பிறகு நகரில் எலிக்காய்ச்சல் பரவியது. டெங்குவில் வெள்ளை அணுக்கள் குறைவதே வழக்கம். எலிக்காய்ச்சலில் அவை இயல்பாகவோ கூடுதலாகவோ இருப்பதே பெரும்பான்மை. மலேரியாவில் இரு விதமாகவும் இருக்கலாம். எல்லாவற்றையும் 'காய்ச்சல்' என்று ஒரே கட்டத்தில் எழுதிவிட்டால், எந்த வார்டில் கொசு மருந்து அடிக்க வேண்டும், எங்கே எலி ஒழிப்பு தேவை என்பதை மாநகராட்சி எந்தத் தரவை வைத்து முடிவு செய்யும்?

புற்றுநோய்ச் சிகிச்சையில் அவசர நிலை

பரேலில் 1941 முதல் இயங்கிவரும் டாடா நினைவு மருத்துவமனைக்குத் தமிழ்நாட்டிலிருந்தும் நோயாளிகள் வருகிறார்கள். சிகிச்சை மாதக்கணக்கில் நீளும்போது, உறவினர் வீடு இருந்தால் தாராவியிலோ செம்பூரிலோ தங்குவது பலருக்கும் கைகொடுக்கும் வழி. கீமோதெரபி மருந்து ஏற்றிய ஏழாம் நாளிலிருந்து பதினான்காம் நாள் வரையிலான இடைவெளியில்தான் பொதுவாக வெள்ளை அணுக்கள் மிகவும் கீழே இறங்கும். அந்த நாள்களில் உடல் வெப்பம் ஒரே முறை 38.3 டிகிரி செல்சியஸைத் தொட்டாலும், அல்லது 38 டிகிரியில் ஒரு மணி நேரம் நீடித்தாலும், அது மருத்துவ அவசர நிலை. ஒரு மணி நேரத்துக்குள் நரம்பு வழியாக ஆன்டிபயாட்டிக் தொடங்கப்பட வேண்டும் என்பது உலகளாவிய வழிகாட்டுதல்.

இரவில் காய்ச்சல் வந்து, அருகிலுள்ள சிறு மருத்துவமனைக்குப் போகும்போது, நோயாளி கையில் கடைசி டிஸ்சார்ஜ் சம்மரி இல்லையென்றால் அங்குள்ள மருத்துவர் இதைச் சாதாரணக் காய்ச்சலாக எண்ணி பாராசிட்டமால் கொடுத்து அனுப்பிவிடக்கூடும். 'கீமோதெரபியால் ஏற்பட்ட நியூட்ரோபீனியா' என்ற ஒரு வரி அந்தத் தாளில் இருந்தால் நிலைமை மாறும். குறியீடு கணினிக்காக இருக்கலாம். அதற்கு அடிப்படையான சொற்றொடர் மனிதர்களுக்காக.

இந்த இடத்தில் ஐசிடி-10-இன் உலகப் பதிப்பும் அமெரிக்கா தனக்காக விரித்துக்கொண்ட பதிப்பும் வேறுபடுகின்றன. உலகப் பதிப்பில் 'டி70' ஒரே குறியீடு. 2015 அக்டோபர் 1 முதல் அமெரிக்காவில் நடைமுறையில் உள்ள பதிப்பில் அது பல கிளைகளாகப் பிரிகிறது: பிறவியிலேயே வந்ததற்கு டி70.0, கீமோதெரபியால் வந்ததற்கு டி70.1, பிற மருந்துகளால் வந்ததற்கு டி70.2, தொற்றால் வந்ததற்கு டி70.3, குறிப்பிட்ட கால இடைவெளியில் திரும்பத் திரும்ப வருவதற்கு டி70.4. காரணம் தெரியாத பொதுவான வெள்ளை அணுக் குறைவுக்கு டி72.819. ரத்தத்தின் மூவகை அணுக்களும் சேர்ந்து குறைந்தால் டி70-ஐ விட்டுவிட்டு டி61 வரிசைக்குப் போக வேண்டும்.

சென்னையிலும் கோவையிலும் திருச்சியிலும் அமெரிக்க மருத்துவமனைகளின் கோப்புகளுக்குக் குறியீடு இடும் வேலையில் இருக்கும் ஆயிரக்கணக்கான இளைஞர்களுக்கு இந்த எண்கள் அத்துப்படி. அவர்களுக்கு விதிக்கப்பட்ட அடிப்படை விதி ஒன்று கவனிக்கத்தக்கது. ரத்த அறிக்கையில் வெள்ளை அணு 1,900 என்று கண் முன்னே தெரிந்தாலும், மருத்துவர் அதை ஒரு நோய்நிலையாகத் தன் குறிப்பில் எழுதாதவரை குறியீடு இடக் கூடாது. ஐயம் இருந்தால் மருத்துவரிடம் எழுத்துமூலம் விளக்கம் கேட்க வேண்டும். புறநோயாளிக் கோப்பில் 'டெங்குவாக இருக்கலாம்' என்று இருந்தால் டெங்குவின் குறியீட்டை இட முடியாது. காய்ச்சல், வெள்ளை அணுக் குறைவு ஆகிய அறிகுறிகளையே குறியிட வேண்டும். எண்ணைப் படிப்பது எந்திரத்தாலும் முடியும், அந்த எண் இந்த நோயாளிக்கு என்ன பொருள் தருகிறது என்று சொல்லும் பொறுப்பு மருத்துவருடையது என்ற கொள்கையே இதன் பின்னால் உள்ளது.

மாத்திரையே காரணமானால்

தைராய்டு மிகைச் சுரப்புக்குத் தரப்படும் கார்பிமசோல், தீவிர மனநோய்க்கான குளோசபின் ஆகிய மருந்துகள் மிகச் சிலருக்கு நியூட்ரோஃபில்களை ஆபத்தான அளவுக்குக் குறைத்துவிடும். கார்பிமசோல் உட்கொள்பவருக்குத் திடீரென்று தொண்டைவலியும் காய்ச்சலும் வந்தால், மாத்திரையை நிறுத்திவிட்டு உடனே ரத்தப் பரிசோதனை செய்ய வேண்டும் என்று மருத்துவர்கள் எச்சரிப்பது இதனால்தான். வலி நிவாரணியான அனால்ஜின் மீதும் இதே ஐயம் உலகெங்கும் நெடுங்காலமாக உண்டு. இந்தியாவில் 2013 ஜூனில் அதன் விற்பனை நிறுத்தப்பட்டு, 2014 தொடக்கத்தில் கட்டுப்பாடுகளுடன் மீண்டும் அனுமதிக்கப்பட்டது.

இத்தகைய நேர்வில் டி70 ஒன்று மட்டும் போதாது. எந்த மருந்து காரணம் என்பதைக் காட்ட ஐசிடி-10-இல் ஒய்40 முதல் ஒய்59 வரை தனி வரிசையே உள்ளது. அந்த இரண்டாவது குறியீடு விடுபட்டால், மருந்தின் பக்கவிளைவு யாருடைய கணக்கிலும் ஏறாது. மருந்துப் பக்கவிளைவுகளைப் பதிவு செய்யும் தேசியத் திட்டம் காஜியாபாத்தில் உள்ள இந்திய மருந்தியல் நூல் ஆணையத்தின்கீழ் இயங்குகிறது. 1800-180-3024 என்ற கட்டணமில்லா எண்ணில் மருத்துவர் மட்டுமன்றி நோயாளியும் தெரிவிக்கலாம்.

இறப்புச் சான்றிதழில் எது முதற்காரணம்?

மருத்துவமனையில் இறப்பு நேரும்போது நிரப்பப்படும் படிவம் 4-இல், உடனடிக் காரணம், அதற்கு இட்டுச் சென்ற காரணம், எல்லாவற்றுக்கும் அடியில் உள்ள மூல காரணம் என்று வரிசையாக எழுத வேண்டும். ரத்தப் புற்றுநோய்க்குக் கீமோதெரபி பெற்ற ஒருவர் வெள்ளை அணுக்கள் குறைந்து, கிருமித்தொற்று ரத்தத்தில் பரவி இறந்தால், மூல காரணம் ரத்தப் புற்றுநோய். ஆனால் படிவத்தில் 'செப்சிஸ், நியூட்ரோபீனியா' என்பதோடு நிறுத்திவிட்டால் நாட்டின் புற்றுநோய் இறப்புக் கணக்கில் ஒன்று குறையும். 'இதயமும் சுவாசமும் நின்றன' என்று மட்டும் எழுதுவது இன்னும் பயனற்றது. அது எல்லா இறப்புக்கும் பொருந்தும்.

இப்படிப்பட்ட பதிவு எவ்வளவு பெரிய விளைவை உண்டாக்கும் என்பதை 2020-இல் மும்பை நேரில் கண்டது. தாராவியில் முதல் கரோனா தொற்று 2020 ஏப்ரல் 1 அன்று உறுதியானது. கடும் கரோனாவிலும் லிம்ஃபோசைட்டுகள் குறைவது பரவலாகக் காணப்பட்டது. ஆனால் லிம்ஃபோபீனியாவையோ நிமோனியாவையோ காரணமாக எழுதி நிறுத்தாமல், பரிசோதனையில் உறுதியானால் யு07.1, உறுதியாகாமல் அறிகுறிகளால் கருதப்பட்டால் யு07.2 என்ற புதிய குறியீடுகளைப் பயன்படுத்த ஐசிஎம்ஆர் வழிகாட்டியது. அதே ஆண்டு ஜூன் 16 அன்று, விடுபட்டிருந்த 1,328 இறப்புகளை மகாராஷ்டிர அரசு கரோனா கணக்கில் சேர்த்தது. அவற்றில் 862 மும்பையைச் சேர்ந்தவை.

பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தில் 2023-இல் செய்யப்பட்ட திருத்தத்தின்படி, இறப்புக்கான மருத்துவக் காரணச் சான்றின் ஒரு நகலை நெருங்கிய உறவினருக்கும் மருத்துவமனை வழங்க வேண்டும். அவ்வாண்டு அக்டோபர் 1 முதல் இது நடைமுறையில் உள்ளது. கேட்டுப் பெறுவோர் குறைவு.

கிளெய்ம் மறுக்கப்பட்டால் என்ன வழி?

முதலில் பார்க்க வேண்டியது மறுப்புக் கடிதத்தை. பாலிசியின் எந்த விதியின்படி மறுக்கப்படுகிறது என்பதைக் காப்பீட்டு நிறுவனம் குறிப்பிட்டே ஆக வேண்டும் என்றும், நிறுவனத்தின் கிளெய்ம் மறுஆய்வுக் குழு ஒப்புதல் இன்றி எந்தக் கிளெய்மையும் நிராகரிக்கக் கூடாது என்றும் ஐஆர்டிஏஐ 2024 மே 29 அன்று வெளியிட்ட சுற்றறிக்கை கூறுகிறது. 'பரிசோதனைக்காக மட்டுமே அனுமதி' என்று காரணம் சொல்லப்பட்டிருந்தால், மருத்துவமனையில் என்ன சிகிச்சை நடந்தது என்பதைக் காட்டும் செவிலியர் குறிப்பும் மருந்து அட்டவணையும்தான் பதில்.

டெங்கு உறுதிசெய்யும் முடிவு, நோயாளி வீடு திரும்பிய பிறகு வந்திருந்தால் சிகிச்சையளித்த மருத்துவரிடம் அதைக் காட்டி, தேதியிட்ட திருத்தக் குறிப்போ சான்றோ பெறலாம். இது முறையான வழி. இல்லாத நோயை எழுதித் தரும்படி கேட்பது மோசடி. பாலிசியே ரத்தாகும் அளவுக்கு அது கொண்டுபோய் விடும். காப்பீட்டு நிறுவனத்தின் குறைதீர் பிரிவு 30 நாள்களில் பதில் தராவிட்டாலோ, பதில் நிறைவளிக்காவிட்டாலோ, ஓராண்டுக்குள் காப்பீட்டுக் குறைதீர்ப்பாளரிடம் கட்டணமின்றி முறையிடலாம். வழக்கறிஞர் தேவையில்லை. மும்பை அலுவலகம் சாந்தாகுரூஸ் மேற்கில் உள்ளது.

மகாத்மா ஜோதிராவ் புலே ஜன் ஆரோக்கிய திட்டம் போன்ற அரசுத் திட்டங்களில் நடைமுறை சற்று வேறு. அங்கே ஒவ்வொரு சிகிச்சைக்கும் முன்கூட்டியே வகுக்கப்பட்ட தொகுப்பும் விலையும் உண்டு. சிகிச்சை எந்தத் தொகுப்பில் அடங்குகிறது என்பதே முதல் கேள்வி. ஆயினும் நோய் என்ன என்பதை நிறுவ அதே ரத்த அறிக்கையும் அதே டிஸ்சார்ஜ் சம்மரியும்தான் பதிவேற்றப்படுகின்றன.

அடுத்த பதிப்பான ஐசிடி-11, 2019 மே மாதம் உலக சுகாதாரப் பேரவையில் ஏற்கப்பட்டு, 2022 ஜனவரி 1 அன்று நடைமுறைக்கு வந்தது. அதில் நியூட்ரோஃபில் எண்ணிக்கைக் கோளாறுகளுக்கு 4பி00 என்ற தனி இடம் உள்ளது. பிறவியில் வந்ததும் பின்னர் வந்ததும் உலகப் பதிப்பிலேயே பிரிக்கப்பட்டுள்ளன. சித்தம், ஆயுர்வேதம், யுனானி ஆகியவற்றின் நோய்ப்பெயர்களுக்கும் 2024 ஜனவரியில் குறியீடுகள் சேர்க்கப்பட்டன. பழைய பதிப்பிலிருந்து புதியதற்கு மாற ஒவ்வொரு நாட்டுக்கும் பல ஆண்டுகள் பிடிக்கும் என்பதால், காப்பீட்டுப் படிவங்களில் ஐசிடி-10 கட்டங்களையே நோயாளிகள் இன்னும் சில காலம் பார்க்க வேண்டியிருக்கும்.

அதுவரை கையில் இருக்கும் உரிமை ஒன்று உண்டு. இந்திய மருத்துவக் கவுன்சிலின் 2002-ஆம் ஆண்டு நெறிமுறை விதிகளின்படி, உள்நோயாளியின் ஆவணங்களை மூன்று ஆண்டுகள் பாதுகாக்க வேண்டும். நோயாளியோ அவரால் அதிகாரம் பெற்றவரோ கேட்டால் 72 மணி நேரத்துக்குள் நகல் தர வேண்டும். கேட்கும்போது டிஸ்சார்ஜ் சம்மரியோடு நாள்வாரி ரத்த அறிக்கைகளையும் சேர்த்துக் கேட்பது நல்லது. வெள்ளை அணுக்கள் எந்த நாளில் இறங்கின, எந்த நாளில் ஏறத் தொடங்கின என்பது அந்தத் தாள்களில்தான் இருக்கும்.